செயலாளரின் ஆண்டறிக்கை: கார்பைன் விளக்கும் கை டார்ச்சும்

தலைவர் அவர்களுக்கும், செயற்குழுவினருக்கும், டாலஸ் சுற்றுவட்டாரத்திலிருந்து வந்திருக்கும் நம் துப்பாக்கிப் பயிற்சிச் சங்க உறுப்பினர்கள் அனைவருக்கும் வணக்கம்.

வரவு செலவைப் பொருளாளர் வாசிப்பார். சந்தா உயரவில்லை. உறுப்பினர் சேர்க்கை பற்றி ஒன்று மட்டும் சொல்லிவிடுகிறேன். எச்1பி விசாவில் இருக்கும் தம்பிகள் பலர் பயிற்சிக்கு வரலாமா என்று கேட்கிறார்கள். அந்த விசாவில் இருப்பவர் துப்பாக்கி வைத்திருப்பதை மத்திய சட்டம் தடுக்கிறது. செல்லுபடியாகும் வேட்டை உரிமம் போன்ற சில விலக்குகள்தான் உண்டு. அதனால் ஆவணம் பார்க்காமல் யாரையும் நம் பயிற்சியில் துப்பாக்கியைத் தொட விடுவதில்லை. தயவுசெய்து கோபித்துக்கொள்ள வேண்டாம், அவர்கள் எதிர்காலம் கெட்டுவிடக் கூடாது என்றுதான் இந்தக் கண்டிப்பு.

சரி, இந்த ஆண்டின் பெரிய வேலைக்கு வருகிறேன். நம்மில் பலரிடம் ஏஆர்-15 கார்பைன், அதாவது குட்டைக் குழல் கொண்ட நீளத் துப்பாக்கி, இருக்கிறது, அதில் பொருத்திய விளக்கும் இருக்கிறது. ஆனால் இருட்டில் ஒரு முறைகூடச் சுட்டதில்லை. ஜூனில் இங்கே சூரியன் மறைய எட்டரை தாண்டிவிடும், டிசம்பரில் ஐந்தரைக்குள் மறைந்துவிடும். அதனால் குளிர்காலத்தில் இரண்டு மாலை இருட்டுப் பயிற்சி வைத்தோம்.

முதல் மாலை, வெளிச்சம் இருக்கும்போதே காலித் துப்பாக்கியோடு தொடங்கினோம். அமுக்கு, பார், விடு, நகர். இடது கட்டைவிரல் பிடியை மாற்றாமலே சுவிட்சைத் தேடிப் பிடிக்கும்வரை அதையே திரும்பத் திரும்பச் செய்தோம். அப்புறம் இருட்டியதும் தோட்டா. இரண்டு மேகசின் (தோட்டா அடுக்கும் பெட்டி) முடிந்தபோது ஒருவர், “பேட்டரி போயிடுச்சு” என்றார். பேட்டரி புதியது. லென்ஸில் விரலை வைத்துப் பார்த்தால் மை போல ஒட்டியது கரி. விளக்கு குழல் முனைக்கு அவ்வளவு பக்கத்தில் இருந்தது. பள்ளிக்கூட ரப்பரால் தேய்த்ததும் வெளிச்சம் திரும்பிவிட்டது. விளக்கைப் பின்னால் தள்ளிப் பொருத்தினால் கரி குறையும், ஆனால் குழலின் நிழல் வெளிச்ச வட்டத்தில் ஒரு பக்கத்தைத் தின்றுவிடும். கொஞ்சம் கரி படிந்தாலும் பரவாயில்லை, துடைத்துக்கொள்ளலாம் என்பது என் கட்சி.

கடையில் எல்லோரும் லூமென் கேட்கிறார்கள். லூமென் என்பது விளக்கு தரும் மொத்த வெளிச்சம். அது ஒரு திசையில் எவ்வளவு செறிவாகப் போகிறது என்பது கேண்டெலா. திறந்தவெளியில் தூரத்தில் நிற்பது யார் என்று பார்க்கக் கேண்டெலாதான் உதவும். வீட்டுக்குள்ளோ வெள்ளைச் சுவரில் பட்டுத் திரும்பும் வெளிச்சம் நம் கண்ணையே கூசவைக்கும். இருட்டுக்கு முழுதாகப் பழக அரை மணி நேரம் எடுத்த கண், ஒரு நொடியில் அதை இழந்துவிடும்.

இரண்டாவது மாலை நடந்ததை மறைக்காமல் சொல்ல வேண்டும். சுட்டு முடித்து, எல்லாத் துப்பாக்கியும் காலி என்று பார்த்தாயிற்று. நம் மூத்த அண்ணன் ஒருவரின் காதுக்கவசம் சரளையில் விழுந்தது. அவர் கை தானாகவே கார்பைனைத் தாழ்த்தி, விளக்கைப் போட்டுத் தரையில் தேடியது. வெள்ளை வட்டம் ஊர்ந்து ஊர்ந்து, பக்கத்தில் நின்ற அக்காவின் ஷூமேல் ஏறி நின்றது. சுடுமிடத்தில் பாதுகாப்பைக் கவனிக்கும் ரேஞ்ச் ஆபீசர் போட்ட சத்தத்தில் எல்லோரும் உறைந்துவிட்டோம். வெளிச்சம் போகிற இடமெல்லாம் குழல் முனையும் போகிறது. வகுப்பில் பத்து முறை கேட்ட பாடம் அந்த ஷூவைப் பார்த்தபோதுதான் எனக்கு உறைத்தது. துப்பாக்கி காலியாக இருந்தது என்பது சமாதானமே இல்லை. அண்ணன் அங்கேயே அக்காவிடம் மன்னிப்புக் கேட்டார், இதை அறிக்கையில் எழுதச் சொன்னதும் அவர்தான்.

நம் வீடுகளை நினைத்துப் பாருங்கள். ஊரிலிருந்து வந்திருக்கும் அப்பா அம்மா, நேர வித்தியாசத்தில் தூக்கம் வராமல் இரவு இரண்டு மணிக்குச் சமையலறையில் டம்ளரை உருட்டுவார்கள். அங்கே யார் என்று பார்க்கக் கையில் எடுக்க வேண்டியது டார்ச். துப்பாக்கி விளக்கு, குறிவைக்க வேண்டிய ஆபத்து இது என்று தெரிந்த பிறகுதான். 2010-ல் பக்கத்திலிருக்கும் பிளேனோவில் ஒரு போலீஸ்காரர் கைத்துப்பாக்கியின் விளக்கைப் போடப்போய் டிரிகரை இழுத்துவிட்டதாகச் சொன்னார். ஒருவர் உயிர் போனது. அதையே தொழிலாகச் செய்கிறவருக்கே கை தவறுகிறது.

ஆகவே செயற்குழு தீர்மானித்தது: இருட்டுப் பயிற்சிக்கு வருகிற ஒவ்வொருவரும் தனியாக ஒரு கை டார்ச் கொண்டுவர வேண்டும். தரையில் எது விழுந்தாலும் கார்பைனை முதலில் மேசையில் வைக்க வேண்டும். அடுத்த குளிர்காலத்தில் முதல் மாலை முழுவதும் தோட்டாவே இல்லாமல், கை டார்ச்சை மட்டும் வைத்து ஆளை அடையாளம் காணும் பயிற்சி. சிலருக்குச் சலிப்பாக இருக்கும், இருந்தாலும் நடத்துவோம்.

இரண்டு மாலையும் குளிரில் நின்று காவல் பார்த்த ரேஞ்ச் ஆபீசருக்கும், பிளாஸ்க்கில் சுக்குக் காப்பி கொண்டுவந்த சகோதரிகளுக்கும் நன்றி. அடுத்த பயிற்சிக்குப் பெயர் கொடுப்பவர்கள் கூட்டம் முடிந்ததும் என்னிடம் கொடுங்கள்.

இப்படிக்கு,
செயலாளர்