அறங்காவலர்களே, சாமி இன்னும் மைனர்தான்

தமிழ்நாட்டுக் கோயில்களின் அறங்காவலர் குழுத் தலைவர்களுக்கும் உறுப்பினர்களுக்கும் வணக்கம்.

பதவியேற்ற அன்று மாலை, சால்வையெல்லாம் வந்திருக்கும். சரி. கோயில் சொத்துப் பதிவேட்டை இதுவரை ஒரு முறையாவது கையில் வாங்கிப் பிரித்துப் பார்த்திருக்கிறீர்களா?

எங்கள் ஊர் சிவன் கோயிலுக்கு என் பாட்டி வீட்டார் ஒரு விளக்குக் கட்டளை, அதாவது விளக்கேற்ற ஒரு நிலக்கொடை, எழுதிவைத்தார்கள். அறுபது சென்ட் நஞ்சை. அதன் குத்தகையில் மாலை சாயரட்சைப் பூஜைக்கு நல்லெண்ணெய் வாங்க வேண்டும். அந்த நிலம் எங்கே இருக்கிறது என்று விசாரிக்கப் போனேன். பதிவேட்டில் பழைய சர்வே எண் இருந்தது. குத்தகைதாரர் பெயர் இருந்த மூலையைக் கரையான் தின்றிருந்தது. “யூடிஆர்ல நம்பர் மாறிடுச்சு சார், தாலுகா ஆபீஸ்ல பாருங்க” என்றார்கள். (யூடிஆர் என்பது அரசு நிலப் பதிவேடுகளைப் புதுப்பித்த திட்டம்.) அங்கே போனால், “கோயில்ல கேளுங்க.” விளக்கு எரிகிறது, இல்லையென்று சொல்லவில்லை. யாரோ உபயம் செய்த எல்இடி பல்பு.

சட்டத்தின் கண்ணில் சாமி ஒரு மைனர். (மல் ஜிப்பா போட்ட மைனர் இல்லை, கார்டியன் தேவைப்படும் மைனர்.) சொத்து அவர் பேரில், கையெழுத்து உங்களுடையது. கல்கத்தாவில் ஒரு குடும்ப விக்கிரகத்தை யார் வீட்டில் வைத்துக் கும்பிடுவது என்று பங்காளிகள் அடித்துக்கொண்ட வழக்கு, அன்றைக்கு நமக்கு மேல்முறையீட்டின் கடைசிப் படியாக இருந்த லண்டன் பிரிவி கவுன்சில் வரை போனது. சாமியின் விருப்பத்தையும் கேட்க வேண்டும், அதனால் இந்தச் சண்டையில் ஆதாயம் இல்லாத ஒருவர் சாமிக்காகப் பேசட்டும் என்று 1925-ல் வழக்கைத் திருப்பி அனுப்பினார்கள். நூறு வருஷம் ஆகிவிட்டது. இன்றும் பல ஊர்களில் சாமிக்காகப் பேச ஆளைத் தேட வேண்டியிருக்கிறது.

நீதிமன்றம் கோயிலுக்குள் வருவது இந்த வழியாகத்தான். கார்டியன் தூங்கினால் மைனரைப் பார்த்துக்கொள்வது அதன் வேலையாகிவிடுகிறது. கேரளக் கோயில் நில வழக்கு ஒன்றில் 2007-ல் உச்ச நீதிமன்றம் இதை நம்மூர்ப் பழமொழியிலேயே சொன்னது: வேலியே பயிரை மேய்கிறது, கடுமையாக நடவடிக்கை எடுங்கள். 2021 ஜூனில் சென்னை உயர் நீதிமன்றம் கோயில்களையும் தொன்மைச் சின்னங்களையும் காப்பாற்ற 75 உத்தரவுகள் போட்டது. பயன்படாத கோயில் நகைகளை உருக்கும் அரசுத் திட்டம் அதே ஆண்டில் வந்தபோது, அறங்காவலர்களை நியமிக்கும்வரை அதில் கைவைக்கக் கூடாது என்றது. உங்கள் நாற்காலிக்கு எவ்வளவு கனம் என்று உங்களைவிட நீதிபதிகளுக்கு நன்றாகத் தெரிந்திருக்கிறது.

அதற்காக எல்லாவற்றையும் கோர்ட் பார்த்துக்கொள்ளும் என்று இருக்க முடியாது. திருவனந்தபுரம் பத்மநாப சுவாமி கோயில் வழக்கில் கேரள உயர் நீதிமன்றம் தீர்ப்புச் சொன்னது 2011 ஜனவரியில். மாவட்ட நீதிபதி தலைமையில் நிர்வாகக் குழு என்று உச்ச நீதிமன்றம் முடித்துவைத்தது 2020 ஜூலையில். அத்தனை பெரிய கோயிலுக்கே ஒன்பதரை வருஷம். அறுபது சென்ட் நிலத்துக்கு வழக்குப் போட்டால் என் பேரன்தான் தீர்ப்பை வாங்குவான்.

அதனால் நான் கேட்பது சின்ன வேலைதான். உங்கள் கோயில் கணக்கு பசலிப்படி, அதாவது ஜூலையில் தொடங்கும் வருவாய்த் துறை ஆண்டுப்படி, ஜூன் 30-ல் முடிகிறது. அதற்குள் ஒவ்வொரு சர்வே எண்ணையும் இன்றைய பட்டாவோடு ஒத்துப்பாருங்கள். எந்த நிலம் யார் கையில் இருக்கிறது, குத்தகை எவ்வளவு, பாக்கி எவ்வளவு என்று எழுதிக் கொடிமரத்துக்குப் பக்கத்தில் ஒரு போர்டு வையுங்கள். ஐந்து வருஷத்துக்கு மேற்பட்ட குத்தகைக்கு அறநிலையத் துறை ஆணையர் அனுமதி வேண்டும், அதற்கு முன்னால் ஆட்சேபம் கேட்டு அறிவிப்பும் வர வேண்டும் என்பது சட்டம். அந்த அறிவிப்பைத் தயவுசெய்து மடப்பள்ளிக் கதவுக்குப் பின்னால் ஒட்டாதீர்கள். கணக்குக் கேட்டு வருகிறவரை வம்புக்காரன் என்று பார்க்கவும் வேண்டாம். அவர் இங்கே வந்து கேட்கிறவரைக்கும் கோர்ட்டுக்குப் போகவில்லை என்றுதானே அர்த்தம்?

எங்கள் கோயில் அறங்காவலர் யாராவது இதைப் படித்தால், பழைய சர்வே எண் என்னிடம் இருக்கிறது. பிரதோஷத்தன்று நந்திக்குப் பக்கத்தில்தான் நிற்பேன்.

இப்படிக்கு,
ஒரு கட்டளைதாரர் வீட்டுப் பேரன்