ஒரு மாத்திரையின் காரணப்பெயர்

களியக்காவிளை

அன்புள்ள சார் அவர்களுக்கு,

வணக்கம். பாலக்காட்டுச் சித்தூரிலிருந்து நீங்கள் எழுதிய கடிதம் வெள்ளிக்கிழமை வந்து சேர்ந்தது. மகள் வீட்டில் நன்றாகக் கவனித்துக்கொள்கிறார்கள் என்பதும், கால் வீக்கம் பாதி வற்றிவிட்டது என்பதும் ஆறுதலாக இருந்தன. இங்கே இரண்டு வாரமாக மழை விடவில்லை. ரப்பர் பால் வெட்டு நின்றுபோனதால் கடைத்தெருவும் ஓய்ந்து கிடக்கிறது. மருந்துக்கடையை இப்போது மகன்தான் பார்க்கிறான். நான் மாலையில் ஒரு மணி நேரம் போய் உட்கார்ந்து, பழைய ஆட்கள் கொண்டுவரும் மருந்துச் சீட்டுகளை வாங்கிப் படித்துப் பார்ப்பதோடு சரி.

வாழ்நாளெல்லாம் இலக்கணம் கற்பித்த நீங்கள், இதயத்துக்கென்று மருத்துவர் எழுதிக்கொடுத்த மாத்திரையைக் கையில் வைத்துக்கொண்டு, ‘ஸ்பைரோனோலாக்டோன் என்பது இடுகுறிப்பெயரா, காரணப்பெயரா’ என்று கேட்டதில் எனக்கு வியப்பில்லை. 35 ஆண்டுகள் கடையில் நின்றவனிடம் விலையைக் கேட்டார்கள், சாப்பாட்டுக்கு முன்னா பின்னா என்று கேட்டார்கள். பெயருக்குப் பொருள் கேட்டவர் நீங்கள் ஒருவர்தான்.

காரணப்பெயர்தான். ஆனால் அந்தக் காரணம் வேதியியலாருக்கு உரியது, நோயாளிக்கு உரியது அன்று. ‘ஸ்பைரோ’ என்பது சுருளைக் குறிக்கும் லத்தீன் சொல்லிலிருந்து வந்தது. இரண்டு அணு வளையங்கள் ஒரே ஓர் அணுவை மட்டும் பொதுவாகக் கொண்டு, ஒன்று படுத்திருக்க மற்றொன்று அதன்மேல் குறுக்காக நிற்பதுபோல் இணைந்திருக்கும் அமைப்புக்கு, 1900-ஆம் ஆண்டில் ஜெர்மானிய வேதியியலார் அடால்ஃப் ஃபான் பேயர் அந்த அடைமொழியைச் சூட்டினார். ‘லாக்டோன்’ என்பது ஓர் அமிலத்தின் இரு முனைகள் வளைந்து தமக்குள் கைகோத்து மூடிக்கொண்ட வளையம். அந்தச் சொல்லின் வேரில் பால் இருக்கிறது. புளித்த பாலில் உள்ள லாக்டிக் அமிலத்தை முன்னிட்டுப் பிறந்த பெயர் அது. மாத்திரை பாலிலிருந்து செய்யப்படுவதோ என்று உங்கள் மகளுக்கு வந்த ஐயம், சொல்லாராய்ச்சியாகப் பார்த்தால் அவ்வளவு தவறு என்று சொல்ல முடியாது. மருந்தில் பால் கிடையாது என்பது வேறு.

ஆக, இத்தனை நீளப் பெயரில் நீர் என்றோ சிறுநீர் என்றோ ஓர் எழுத்துக்கூட இல்லை. அங்குள்ள மருந்துக்கடைக்காரர் மலையாளத்தில் ‘மூத்ரம் போகானுள்ள குளிக’ என்று சொல்லிக் கொடுத்தார் என்று எழுதியிருந்தீர்கள். நாங்களும் இங்கே ‘நீர் மாத்திரை’ என்று சொல்லித்தான் கொடுக்கிறோம். அதுவும் ஒரு காரணப்பெயர்தான், ஆனால் உங்கள் விஷயத்தில் காரணம் பிசகிய பெயர். அந்தப் பெயரை நம்பி நீங்கள் இரண்டு காரியங்கள் செய்கிறீர்கள் என்று கடிதத்திலிருந்து தெரிந்ததால்தான் இவ்வளவு நீட்டி எழுதுகிறேன்.

உண்மையான காரணத்தை இதன் வணிகப் பெயர்களில் ஒன்றான ‘ஆல்டாக்டோன்’ ஓரளவு சொல்கிறது. நம் சிறுநீரகங்களின் தலையில் தொப்பிபோல் அமர்ந்திருக்கும் அட்ரினல் சுரப்பி, ஆல்டோஸ்டிரோன் என்றொரு ஹார்மோனைச் சுரக்கிறது. 1953-இல் அதைத் தனித்துப் பிரித்தெடுத்தவர்கள் முதலில் வைத்த பெயர் எலக்ட்ரோகார்டின். அதில் ஆல்டிஹைடு என்னும் அணுத்தொகுதி இருப்பது தெரிந்த பிறகு இப்போதைய பெயருக்கு மாற்றினார்கள். உப்பை, அதாவது சோடியத்தை, உடலுக்குள்ளேயே நிறுத்திப் பொட்டாசியத்தைச் சிறுநீரில் தள்ளிவிடுவதே அதன் வேலை. உப்பு நின்றால் நீரும் நிற்கும்; அதுதான் காலில் கோத்துக்கொள்ளும் நீர். தளர்ந்த இதயம் இரத்தத்தைப் போதுமான அளவு தள்ளாதபோது, உடலில் நீர் குறைந்துவிட்டது என்று சிறுநீரகம் தவறாகப் புரிந்துகொள்ள, ஆல்டோஸ்டிரோன் மேலும் மேலும் சுரக்கும். ஸ்பைரோனோலாக்டோன் அந்த ஹார்மோன் உட்கார வேண்டிய இடத்தில் தான் போய் உட்கார்ந்துகொண்டு அதன் ஆணையைச் செல்லாததாக்குகிறது. ஆல்டோஸ்டிரோனின் தலையையும் லாக்டோனின் வாலையும் ஒட்டியதுபோல் அமைந்த ‘ஆல்டாக்டோன்’ என்னும் பெயர் இந்த இரண்டு பேரையும் ஒருங்கே நினைவூட்டுகிறது.

நீரைப் பிரிக்கும் இன்னொரு மாத்திரையான ‘லாசிக்ஸ்’ பெயரோடு இதை ஒப்பிட்டுப் பாருங்கள். ஆறு மணி நேரம் நீடிக்கும் என்பதை ஆங்கிலத்தில் சுருக்கி அந்தப் பெயரை வைத்ததாகச் சொல்வார்கள். மருந்தும் அப்படித்தான்: விழுங்கி ஒரு மணி நேரத்துக்குள் மடைதிறந்தாற்போல் நீர் பிரியும், மத்தியானத்துக்குள் ஓய்ந்துவிடும், போகிற நீரோடு பொட்டாசியமும் போகும். ஸ்பைரோனோலாக்டோனுக்கு அந்த அவசரம் இல்லை. முழுப்பலன் தெரிய இரண்டு மூன்று நாள் ஆகும், நீரை வெளியேற்றும் ஆற்றலும் குறைவு, பொட்டாசியத்தை விட்டுக்கொடுக்காது. இவ்வளவு மந்தமான மருந்தை இதயநோய்க்கு ஏன் எழுதுகிறார்கள் என்றால், 1999-இல் வெளிவந்த ‘ரேல்ஸ்’ என்னும் ஆய்வைச் சொல்ல வேண்டும். இதயம் மிகவும் தளர்ந்த 1,663 பேரில் ஒரு பாதியினருக்கு வழக்கமான மருந்துகளோடு தினம் 25 மில்லிகிராம் அளவில் தொடங்கி இதைக் கொடுத்தபோது, கொடுக்கப்படாதவர்களைவிட அவர்களுக்கு மரண அபாயம் 30 விழுக்காடு குறைந்தது. அந்தச் சிறிய அளவில் கிடைத்த நன்மையைச் சிறுநீர் கூடுதலாகப் போனதைக் கொண்டு மட்டும் விளக்க முடியாது. ஆல்டோஸ்டிரோன் இதயத் தசைக்கே செய்யும் தீங்கை இது தடுக்கிறது என்பதே மருத்துவர்களின் கருத்து. உங்களுக்கு எழுதியிருப்பதும் அதே 25 தான்.

ஆகவே, வீக்கம் வற்றிய நாளில் ‘இன்று நீர் மாத்திரை தேவையில்லை’ என்று நீங்களாகவே நிறுத்துவது சரியன்று. இதைவிட எனக்குக் கவலை தந்தது, ‘நீர் போகிறதே, உடம்பு வறண்டுவிடுமே’ என்று மகள் தினமும் காலையில் இரண்டு பொள்ளாச்சி இளநீர் வெட்டிக் கொடுக்கிறாள் என்ற செய்தி. அன்பில் குறைசொல்ல எனக்கு மனம் வரவில்லை. ஆனால் ஒரு தம்ளர் இளநீரில் ஏறக்குறைய 600 மில்லிகிராம் பொட்டாசியம் இருக்கிறது. லாசிக்ஸ் மட்டும் தின்கிறவர் என்றால் பேச்சு வேறு. பொட்டாசியத்தைப் பிடித்து நிறுத்தும் மருந்தைத் தின்றுகொண்டு இளநீரும் நேந்திரம்பழமும் நாள் தவறாமல் சேர்த்தால், இரத்தத்தில் அது ஏறி இதயத் துடிப்பையே தடுமாற வைத்துவிடக்கூடும். சோடியம் குறைந்தது என்று விற்கிற உப்பிலும் பொட்டாசியம்தான் கலந்திருக்கிறது. மூட்டுவலி மாத்திரையையும் கேட்காமல் சேர்க்க வேண்டாம். ஞெரிஞ்ஞில் வெந்நீர் குடிப்பதாக எழுதியிருந்தீர்கள். நம் நெருஞ்சில் எல்லையைத் தாண்டியதும் மூக்கொலி ஏறி ஞெரிஞ்ஞில் ஆகிவிடுகிறது, பார்த்தீர்களா! அதையும் மருத்துவரிடம் சொல்லிவிடுங்கள்.

சில ஆண்டுகளுக்கு முன்னால் மலைப்பக்கத்திலிருந்து ஓர் அம்மா எங்கள் கடைக்கு வந்தார். எல்லைக்கு அந்தப் பக்கம் ஒரு மருத்துவரையும் இந்தப் பக்கம் ஒருவரையும் பார்த்து, இரண்டு சீட்டுகளையும் ஒன்றாக நீட்டினார். ஒன்றில் ஆல்டாக்டோன், மற்றதில் லாசிலாக்டோன். இருவரும் தத்தம் அளவில் சரியாகவே எழுதியிருந்தார்கள்; ஒருவர் எழுதியது மற்றவருக்குத் தெரியாது. லாசிக்ஸும் ஆல்டாக்டோனும் கூடியதே லாசிலாக்டோன் என்பதைப் பெயரே புணர்ச்சி விதிபோல் பிரித்துக் காட்டுகிறது. ஆனால் பிரித்துப் பார்க்க அந்த அம்மாவுக்கு யார் சொல்லிக்கொடுத்தார்கள்? ஒரே மருந்தை இரண்டு பெயரில் பத்து நாளாகத் தின்றிருக்கிறார், கை கால் சோர்கிறது என்கிறார். அன்றே இரத்தப் பரிசோதனைக்கு அனுப்பினோம். நல்லவேளையாகப் பொட்டாசியம் சற்றே ஏறியிருந்த நிலையில் பிடிபட்டது. சீட்டைப் படிக்காமல் நான் எதையும் எடுத்துக் கொடுக்காத வழக்கம் அன்றைக்குப் பிறகு வந்ததுதான்.

இன்னொன்று, கூச்சப்படாமல் கேட்டுக்கொள்ளுங்கள். இம்மருந்தின் மூலக்கூறு ஸ்டீராய்டுகளின் சாயலில் அமைந்திருப்பதால் ஆண்மை ஹார்மோனின் வேலையிலும் குறுக்கிடும். முன்னே சொன்ன ரேல்ஸ் ஆய்வில் இம்மருந்தைத் தின்ற ஆண்களில் பத்தில் ஒருவருக்கு மார்பு வீங்கியோ வலித்தோ இருந்தது. அப்படி ஏதேனும் தோன்றினால் மறைக்காமல் மருத்துவரிடம் சொல்லுங்கள். எப்லெரினோன் போன்ற மாற்று மருந்து இருக்கிறது. பொட்டாசியத்துக்கும், சிறுநீரகத்தின் நிலையைக் காட்டும் கிரியாட்டினினுக்கும் இரத்தப் பரிசோதனை, மருந்து தொடங்கிய முதல் வாரத்தில் ஒன்று, நான்காம் வாரத்தில் ஒன்று என்று எடுப்பது வழக்கம். உங்களுக்கு எடுத்தார்களா என்று கடிதத்தில் காணவில்லை.

கடைசியாக ஓர் ஐயம். மாத்திரை போட்ட ஒரு மணி நேரத்தில் நீர் முட்டிக்கொண்டு வருவதால் பாலக்காட்டுக்குப் பேருந்தில் போகிற நாட்களில் அதை விட்டுவிடுவதாக எழுதியிருக்கிறீர்கள். தனி ஸ்பைரோனோலாக்டோன் அப்படி முட்டாது. உங்கள் அட்டையில் அதன் பக்கத்தில் ஃப்ரூசமைடு (லாசிக்ஸில் உள்ள மருந்து அதுதான்) என்றோ, அதே வகையான டோரசமைடு என்றோ இன்னொரு பெயர் இருக்க வேண்டும் என்று எனக்குத் தோன்றுகிறது. இருந்தால் அதை விடுவதா, நேரத்தை மாற்றுவதா என்பதை மருத்துவர்தான் சொல்ல வேண்டும். அட்டையின் பின்புறம் பொடி எழுத்தில் அச்சிட்டிருப்பதைக் கண்ணாடி போட்டுக்கொண்டு ஒரு வரி விடாமல் பார்த்தெழுதி அடுத்த தபாலில் அனுப்புங்கள். அதுவரை இளநீரை மட்டும் நிறுத்தி வையுங்கள்.

மகளுக்கும் பேரனுக்கும் என் அன்பு.

என்றும் உங்கள்,
பழைய மருந்துக்கடை நண்பன்