அன்னாவின் சதியை எழுதினீர்கள், அக்ஸூக்கை விட்டுவிட்டீர்களே

அன்புள்ள ஆசிரியருக்கு,

வணக்கம். சென்ற இதழில் வந்த பைசாண்டியப் பேரரசு பற்றிய கட்டுரையைப் படித்தேன். நல்ல கட்டுரைதான், படங்களும் அருமை. ஆனால் தலைநகர் கான்ஸ்டான்டிநோபிளின் அரண்மனை என்றாலே கண்ணைப் பிடுங்குவது, மூக்கை அறுப்பது, விஷம் வைப்பது என்று அடுக்கிக்கொண்டே போனதில் கட்டுரையாளர் ஒரு மனிதரை அப்படியே தாண்டிப் போய்விட்டார். இளவரசி அன்னா கொம்னேனே தன் தம்பி, பேரரசர் இரண்டாம் ஜானைக் கொல்லத் திட்டமிட்டதை ஒரு பக்கத்துக்கு விவரித்தவர், அதன் முடிவை மட்டும் ‘மன்னர் மன்னித்தார்’ என்று இரண்டே சொல்லில் முடித்திருக்கிறார். மன்னர் தானாக மன்னிக்கவில்லை சார். மன்னிக்க வைத்தவர் ஜான் அக்ஸூக்.

இவர் கிரேக்கரே அல்ல, துருக்கியர். 1097இல் முதல் சிலுவைப் போர்ப் படைகள், துருக்கியர் வசமிருந்த நைசியாவை முற்றுகையிட்டு அந்த நகரம் விழுந்தபோது பிடிபட்ட சிறுவன். அவனை அன்னாவின் தந்தை, பேரரசர் முதலாம் அலெக்ஸியோஸுக்குப் பரிசாகக் கொடுத்துவிட்டார்கள், ஒரு குதிரையையோ வாளையோ கொடுப்பதுபோல. இளவரசர் ஜானுக்கும் அவனுக்கும் ஏறக்குறைய ஒரே வயது, பத்து இருக்கலாம். இருவரும் சேர்ந்தே வளர்ந்தார்கள். 1118இல் அலெக்ஸியோஸ் இறந்து ஜான் அரியணை ஏறியதும் இந்த விளையாட்டுத் தோழனை மெகாஸ் டொமெஸ்டிகோஸ் ஆக்கினார், அதாவது பேரரசரின் தரைப்படைகள் அனைத்துக்கும் தலைமைத் தளபதி. அரச குடும்பத்து உறவினர்களே வழியில் இவரைக் கண்டால் குதிரையிலிருந்து இறங்கி வணங்க வேண்டியிருந்தது என்று பைசாண்டிய வரலாற்றாசிரியர் நிக்கேடாஸ் கோனியேடிஸ் எழுதுகிறார். அவர்களுக்கு வயிறு எரிந்திருக்காதா என்ன!

இப்போது அன்னாவின் கதைக்கு வருகிறேன். ஜான் பட்டத்துக்கு வந்து ஒரு வருடம்கூட ஆகவில்லை. அக்கா அன்னா தன் கணவர் நிக்கேஃபோரோஸ் பிரியென்னியோஸை அரியணையில் உட்கார வைக்கப் பார்க்கிறார். நகருக்கு வெளியே ஃபிலோபாட்டியோனில் ஜான் தங்கியிருக்கும் இரவில் வேலையை முடித்துவிடுவதாகத் திட்டம், வாயிற்காவலனுக்குப் பணமும் கொடுத்தாகிவிட்டது, ஆனால் கணவர்தான் கடைசி நேரத்தில் அசையவில்லை. சதி அம்பலமாகி அன்னாவின் சொத்து முழுவதும் பறிமுதல் ஆகிறது. பொன், வெள்ளி, பட்டாடைகள் எல்லாம் ஓர் அறையில் குவிந்து கிடக்கின்றன. அதைப் பார்த்த ஜான், கூடப் பிறந்தவர்கள் பகையானார்கள், வெளியிலிருந்து வந்தவன் உறவானான், எல்லாவற்றையும் நீயே எடுத்துக்கொள் என்கிறார்.

அக்ஸூக் எடுத்துக்கொள்ளவில்லை. அவள் தப்புச் செய்தாலும் உங்கள் அக்காதான், அது பரம்பரைச் சொத்து, குடும்பத்திலேயே இருக்கட்டும், எனக்கு வேண்டாம், அவளுக்கே திருப்பிக் கொடுங்கள் என்று கேட்டிருக்கிறார். இரக்கத்தில் நீ என்னை மிஞ்சினால் நான் ஆளத் தகுதியற்றவன் என்று சொல்லி ஜானும் திருப்பிக் கொடுத்துவிட்டார். 1155 வாக்கில் பிறந்த நிக்கேடாஸ் இதை நேரில் கேட்டிருக்க வழியே இல்லை, அதனால் வசனங்களை நான் அப்படியே நம்பவில்லை. ஆனால் அதிகாரத்தின் உச்சியில் இருந்த ஒருவரைப் பற்றி ஊரில் இப்படி ஒரு கதை புழங்கியதே, அது சும்மா வருமா?

இவரைப் புனிதராக்குவதும் என் நோக்கமில்லை. காரியத்தில் படு சாமர்த்தியசாலி. 1143இல் சிலிசியாவில் (இன்றைய துருக்கியின் தென்பகுதி) வேட்டையின்போது பட்ட காயத்தால் ஜான் சாகக் கிடக்கிறார், உயிரோடிருந்த மகன்களில் மூத்தவர் ஐசக்கை விட்டுவிட்டு இளையவர் மானுவேலை வாரிசாகத் தேர்ந்தெடுக்கிறார். அக்ஸூக்கின் விருப்பம் ஐசக்தான், அதற்காக வாதாடியும் பார்த்தார். முடிவானதும் மறுபேச்சு இல்லாமல், மரணச் செய்தி போய்ச் சேரும் முன்பே தலைநகருக்குப் போய் அதே ஐசக்கைப் பிடித்துப் பாண்டோக்ராட்டோர் மடாலயத்தில் அடைத்துவிட்டார். மானுவேலை ஆதரிப்பதற்காக, தலைநகரின் பெரிய தேவாலயமான ஹாகியா சோஃபியாவின் குருமார்களுக்கு ஆண்டுதோறும் வெள்ளி தருவதாக ஒரு சாசனத்தைக் கையில் கொண்டுபோனார். அவர்கள் முரண்டு பிடித்தால் கொடுப்பதற்கு, அதே அளவு தங்கம் தருவதாக இன்னொரு சாசனமும் அவரிடம் இருந்ததாம். யாரும் முரண்டு பிடிக்கவில்லை, தங்கச் சாசனம் வெளியே வரவே இல்லை. எனக்கு மிகவும் பிடித்த இடம் இது. கஜானாவை இப்படிக் காப்பாற்றிய அதிகாரிகள் எத்தனை பேர்?

பின்னர் மானுவேல் காலத்தில், கார்ஃபு தீவின் முற்றுகையில் கடற்படைத் தலைவர் கொன்டோஸ்டெஃபனோஸ் கல்லடி பட்டு இறந்ததும் அந்தப் பொறுப்பும் இவர் தலையில்தான் விழுந்தது. உதவிக்கு வந்திருந்த வெனிஸ்காரர்களுக்கும் கிரேக்கப் படையினருக்கும் அடிதடி நடந்தபோது முதலில் பேசிப் பார்த்தார், பிறகு தன் மெய்க்காவலர்களை இறக்கினார். 1150 வாக்கில் காலமானார்.

அப்புறம் நடந்ததையும் கட்டுரையாளர் சேர்த்திருக்கலாம். மகன் அலெக்ஸியோஸ் அக்ஸூக் அரச குடும்பத்திலேயே பெண் எடுத்தார், பேரரசர் ஜானின் பேத்தி மரியா. 1167இல் அவர்மீது ராஜத்துரோகம், பில்லிசூனியம் என்று வழக்கு. தன் மாளிகைச் சுவரில் பேரரசரின் வெற்றிகளை வரையாமல் செல்ஜுக் சுல்தானின் வீரச்செயல்களை வரைய வைத்தார் என்பதும் ஒரு குற்றச்சாட்டு. மானுவேலின் செயலாளராக இருந்த வரலாற்றாசிரியர் கின்னமோஸ் அதை நம்புகிறார், நிக்கேடாஸோ எல்லாம் பொறாமை என்கிறார். நான் நிக்கேடாஸ் பக்கம். அப்பா இந்த நாட்டுக்கு வந்து எழுபது வருடம் ஆகியும் பிள்ளை மீது குற்றம் சாட்ட வேண்டுமென்றால் உடனே துருக்கியச் சுல்தானைத்தான் இழுக்கிறார்கள், பாருங்கள். அவரைத் துறவியாக்கி மடாலயத்துக்கு அனுப்பிவிட்டார்கள். அந்த அலெக்ஸியோஸின் மகன், ஊரார் ‘குண்டு ஜான்’ என்று அழைத்தவர், 1200ஐ ஒட்டி, அப்போதைய பேரரசர் மூன்றாம் அலெக்ஸியோஸுக்கு எதிராகக் கலகம் செய்து, ஹாகியா சோஃபியாவில் தொங்கிய கிரீடத்தை எடுத்துத் தலையில் வைத்துக்கொண்டார். ஒரு நாள்கூடத் தாங்கவில்லை, வெட்டிப் போட்டுவிட்டார்கள்.

ஒரு திருத்தமும் உண்டு. கட்டுரையில் மானுவேல் மூத்த மகன் என்று வந்திருக்கிறது. அவர் நான்காவது மகன். மூத்தவர்கள் அலெக்ஸியோஸும் ஆண்ட்ரோனிகோஸும் தந்தைக்கு முன்பே இறந்துவிட்டார்கள், ஐசக் உயிரோடு இருந்தார். அடுத்த இதழில் இதைத் திருத்திப் போடுங்கள். இடம் இருந்தால் அக்ஸூக்குக்கு ஒரு தனிப் பக்கமும் ஒதுக்குங்கள், அதையும் இதே கட்டுரையாளரே எழுதட்டும், அவர் நடை நன்றாக இருக்கிறது.

இப்படிக்கு,
ஒரு வாசகி, திருச்சி