கேமராவுக்குப் பின்னால் நின்ற ஆயாவுக்கும் மற்றவர்களுக்கும்

வேலூர் நேதாஜி மார்க்கெட் உறவுகளுக்கு வணக்கம்.

நான் கத்தரிக்காய்க் கடைக்காரி. இப்போதெல்லாம் "டிவி அக்கா" என்றால்தான் பலருக்குத் தெரிகிறது. போன வாரம் காட்பாடி ரயில் நிலையத்தில் ஒருவர் நிறுத்தி செல்ஃபி எடுத்துக்கொண்டார். நானோ கழிப்பறை எங்கே என்று தேடிக்கொண்டிருந்தேன். சரி, அதை விடுங்கள்.

காயைப் பார்த்து வாங்குவது எப்படி என்று வாரம் பத்து நிமிடம் டிவியில் பேச ஆரம்பித்து ஒரு வருடம் ஆகிறது. சின்ன வயசில் பஞ்சாயத்து டிவி முன்னால் உட்கார்ந்து, இந்த 'வயலும் வாழ்வும்' விவசாய நிகழ்ச்சி எப்போதடா முடியும், பாட்டு எப்போது போடுவான் என்று கிடந்தவள் நான். இன்று என்னைப் பார்த்து எந்தப் பிள்ளை அப்படிக் கொட்டாவி விடுகிறதோ!

2023-ல் நம்ம முள்ளுக் கத்தரிக்காய்க்குப் புவிசார் குறியீடு, அதாவது இது இந்த ஊர்ப் பொருள் என்கிற அரசு முத்திரை, கிடைத்தது. எனக்குப் பிறந்த ஊர் அணைக்கட்டுப் பக்கம், அந்தக் காய்க்குப் பேர்போன இலவம்பாடிக்கு அடுத்த ஊர். இலையில் முள், தண்டில் முள், காம்பில் முள் என்று இருக்கும் அந்தச் செடியில் கைவிட்டுப் பறித்துப் பழகிய விரல் இது. அதனால், காயைப் பற்றிப் பேச ஆள் வேண்டும் என்று டிவிக்காரர்கள் வந்தபோது எல்லாரும் என்னைக் கை காட்டிவிட்டார்கள்.

கேமராவைப் பார்த்ததும் நாக்கு ஒட்டிக்கொண்டது. "இந்தக் கத்தரிக்காயானது..." என்று பள்ளிக்கூடப் பேச்சுப்போட்டி மாதிரி ஆரம்பித்தேன். ஆறு தடவை எடுத்தார்கள். டைரக்டர் தம்பி தலையில் கை வைத்து உட்கார்ந்துவிட்டார். அப்போதுதான் கீரைக்கடை ஆயா கேமராவுக்குப் பக்கத்தில் வந்து, இடுப்பில் கூடையோடு நின்று ஒரு சத்தம் போட்டார்.

"இன்னாடி, கால் கிலோ இன்னா வெல? காயெல்லாம் வாடிக் கெடக்குது!"

எனக்கு வந்ததே கோபம். "எது வாடிக் கெடக்குது? காம்பப் பாரு ஆயா, பச்சையா இருக்குது, முள்ளு வெறப்பா குத்துது. கைல எடுத்துப் பாரு, தோலு பளபளன்னு இருக்குது. தோலு மங்கிப் போயிருந்தா உள்ள வெத முத்திருக்கும். அரிஞ்ச உடனே தண்ணியில போடு, கறுக்காது." டைரக்டர் எழுந்து கையைத் தட்டினார். நீங்கள் டிவியில் பார்த்த முதல் நிகழ்ச்சி அதுதான். ஆயா பேசியதை மட்டும் வெட்டிவிட்டார்கள்.

அன்றிலிருந்து ஒவ்வொரு வாரமும் ஆயா அதே இடத்தில் நின்று பேரம் பேசினார். நான் ஏன் கேமராவை விட்டுவிட்டுக் கொஞ்சம் இடது பக்கமாகவே பார்க்கிறேன் என்று கேட்பவர்களுக்கு இதுதான் பதில். சுருக்கென்று பேசுகிறேன் என்று என்னைப் பாராட்டுகிறீர்கள். அந்தச் சுருக்கைக் கிளப்பிவிட்டது அவர் வாய்.

காலை நேர அவசரத்தில் பத்து நிமிடம் மூட்டை இறக்காமல் நின்ற லோடுமேன் அண்ணன்களுக்கு நன்றி. அந்தப் பத்து நிமிடம் உங்களுக்குக் காசு என்று எனக்குத் தெரியும். விலை கூவும் ஸ்பீக்கரை நிறுத்திவைத்த எலுமிச்சைக்கடை பாய்க்கும் நன்றி. நான் நடித்துக்கொண்டிருந்தபோது என் தராசையும் அவர்தான் பார்த்துக்கொண்டார். டீக்கு எடுத்த பன்னிரண்டு ரூபாய் வரைக்கும் கணக்குச் சொன்னார். புடவையில் மாட்டிய மைக் கத்தரிக்காய்க் குவியலில் விழுந்தபோது தேடி எடுத்து, விரலெல்லாம் குத்து வாங்கிய சவுண்டு தம்பி, மன்னிச்சுக்கோப்பா.

இந்தக் காய் சர்க்கரை நோயைக் குணப்படுத்தும் என்று சொல்லச் சொல்லி ஒருவர் காசோடு வந்தார். பொய் சொல்வானேன், எனக்கும் கொஞ்சம் ஆசை வந்தது. "அம்மா, நீ என்ன டாக்டரா?" என்று மகள் கேட்டாள். அதோடு விட்டேன். அவளுக்கும் நன்றி. இதைத் தட்டச்சு செய்வதும் அவள்தான்.

ஆயாவுக்கு முட்டி வலி, ஒரு மாதமாக மார்க்கெட்டுக்கு வரவில்லை. டிவியில் தருகிற காசில் பாதியைக் கொண்டுபோய்க் கொடுத்தேன், தொடவில்லை. சரி என்று நேற்று பொறுக்கி எடுத்த கத்தரிக்காய் ஒரு கிலோ கொடுத்தனுப்பினேன். அதில் இரண்டு முற்றல் என்று திருப்பி அனுப்பிவிட்டார்.