பில்லில் வெளிவிட்டத்தையும் எழுதுங்கள்

ஆசிரியருக்கு வணக்கம்.

சென்ற வாரம் வீடு கட்டுவோர் பக்கத்தில் குழாய் வேலை பற்றி வந்த கட்டுரை பயனுள்ளது. ஆனால், ‘அரை இன்ச் பைப்பின் விட்டம் 12.7 மி.மீ.’ என்ற வரியை நம்பி ஸ்கேலோடு கடைக்கு வருகிறவர்கள் குழம்பித்தான் போவார்கள். தாராபுரத்தில் ஹார்டுவேர்ஸ் கடை வைத்திருப்பவன் என்ற முறையில் எழுதுகிறேன்.

அரை இன்ச் ஜிஐ (துத்தநாகம் பூசிய இரும்பு) பைப்பின் வெளிவிட்டம் 21.3 மி.மீ. நடுத்தர ரகத்தில் உள்விட்டம் சுமார் 16 மி.மீ. அந்தக் காலத்து இரும்புக் குழாய்களுக்குச் சுவர் தடிமன் அதிகம் என்பதால் உள்ளே ஏறக்குறைய அரை இன்ச்தான் இருந்தது. பிறகு சுவர் மெலிந்தது. பழைய மரையோடு பொருந்த வேண்டும் என்பதால் வெளிவிட்டத்தில் கைவைக்கவில்லை. பெயரும் அப்படியே நின்றுவிட்டது.

வெந்நீருக்குப் போடும் சிபிவிசி என்ற பிளாஸ்டிக் குழாயின் கணக்கு வேறு. அது செம்புக் குழாய் அளவில் வருவது. அதில் அரை இன்ச்சின் வெளிவிட்டம் 15.9 மி.மீ., முக்கால் இன்ச் 22.2 மி.மீ. ஆக, சிபிவிசி முக்காலும் ஜிஐ அரையும் பார்வைக்குக் கிட்டத்தட்ட ஒன்றுதான். ஏசி மெக்கானிக் கேட்கும் கால் இன்ச் செம்புக் குழாய்க்கோ வெளிவிட்டமே கால் இன்ச், 6.35 மி.மீ.

பணமும் தண்ணீரும் அதிகம் வீணாவது தோட்டத்து மோட்டார் லைனில். ஒரு இன்ச் என்று கேட்டு வாங்கும் சாதாரண பிவிசி பைப் 32 மி.மீ. அதே ஒரு இன்ச் என்று விற்கும் ஷெட்யூல் 40, 80 (சுவர் தடிமன் ரகங்கள்) யுபிவிசி பிளாஸ்டிக் பைப் 33.4 மி.மீ. ஷெட்யூல் பைப்புக்கான கப்ளிங்கை (இணைப்புத் துண்டை) 32 மி.மீ. பைப்பில் மாட்டினால் லொடலொடவென்று ஆடும். சொல்யூஷனை (பைப் ஒட்டும் பசையை) அப்பி ஒட்டிவிடுகிறார்கள். மோட்டார் போட்டதும் சில நாள் தாங்கும், அப்புறம் மண்ணுக்குள்ளேயே கசியும். மேலே ஈரம் தெரியும்போது பாதி வரப்பைத் தோண்ட வேண்டியிருக்கும்.

விட்டம் அளக்கும் வெர்னியர் கருவி இல்லாதவர்கள் ஒரு காகிதத் துண்டை பைப்பைச் சுற்றி இறுக்கி, ஒன்றன்மேல் ஒன்று வரும் இடத்தில் கோடு போடுங்கள். நூல் வேண்டாம், இழுபடும். காகிதத்தைப் பிரித்து, சுற்றளவு நீளத்தை 3.14-ஆல் வகுத்தால் வெளிவிட்டம். வகுக்கும் முன் காகித நீளமே 67 மி.மீ. வந்தால் ஜிஐ அரை, 70 வந்தால் சிபிவிசி முக்கால், 100 வந்தால் 32 மி.மீ. பிவிசி, 105 வந்தால் ஷெட்யூல் ஒரு இன்ச். பைப் மேல் அச்சிட்டிருக்கும் வரியையும் போட்டோ எடுத்து வாருங்கள். ஐஎஸ் (இந்தியத் தர எண்) 4985 என்றால் பிவிசி, ஐஎஸ் 15778 என்றால் சிபிவிசி. அதைப் பார்த்தாலே சரியான எல்போவை (வளைவு இணைப்பை) கடைக்காரர் எடுத்துத் தந்துவிடுவார்.

சக கடைக்காரர்களிடம் ஒன்று கேட்கிறேன். ‘1 இன்ச் பைப்’ என்று மட்டும் பில் போடாதீர்கள். ‘பிவிசி, 32 மி.மீ., 6 கிலோ’ (கிலோ என்பது எடையல்ல, பைப் தாங்கும் அழுத்தம்) என்று எழுதினால் இரண்டு வருஷம் கழித்து ரிப்பேருக்கு வருகிறவருக்கு அந்தப் பில்லே போதும். நீங்களும் அந்த 12.7-ஐத் திருத்தி, மேலே சொன்ன அளவுகளை அடுத்த வாரம் ஒரு சின்னக் கட்டத்தில் போட வேண்டுகிறேன்.

இப்படிக்கு,
ஹார்டுவேர்ஸ் கடைக்காரர் ஒருவர்,
தாராபுரம்