செயலாளரின் ஆண்டறிக்கை: பில் பாக்கியும் மூன்று வருடக் கெடுவும்

மதிப்பிற்குரிய தலைவர் அவர்களே, நிர்வாகிகளே, ஒப்பந்ததாரர் நண்பர்களே, அனைவருக்கும் வணக்கம்.

செயற்குழு இந்த ஆண்டும் தவறாமல் கூடியது. புதிய உறுப்பினர்கள் சேர்ந்திருக்கிறார்கள். வரவு செலவைப் பொருளாளர் தனியே வாசிப்பார். ஆண்டு முழுக்க நம்மை அலைக்கழித்தது ஒரே விஷயம்தான்: அரசுத் துறைகளுக்கு வேலையை முடித்துக் கொடுத்தும் வராத பில் பணம். என் அறிக்கையும் அதைப் பற்றியதே.

அதிகாரிகளைப் பார்த்தோம், மனு கொடுத்தோம். "ஃபண்ட் வரவில்லை" என்பதுதான் பெரும்பாலும் கிடைத்த பதில். அது துறையின் உள்விவகாரம். முடித்த வேலைக்குப் பணம் தரும் கடமை அதனால் போய்விடாது. ஆகவே வழக்கறிஞர்களை அழைத்து ஆலோசனைக் கூட்டம் நடத்தினோம். வர முடியாதவர்களுக்காக முக்கியமானவற்றை இங்கே சொல்கிறேன்.

அன்று நம் உறுப்பினர் ஒருவர் தன் ஃபைலைக் கொண்டுவந்தார். சாலை வேலை. எம் புக்கில் (முடித்த வேலையின் அளவைத் துறை பதியும் புத்தகம்) அளவு ஏறி, பொறியாளர்கள் கையெழுத்தும் போட்டாயிற்று. ஃபைனல் பில் மட்டும் நகரவில்லை. நினைவூட்டல் கடிதங்கள் கட்டாக இருந்தன. எல்லாம் இவர் எழுதியவை, துறை எழுதியது ஒன்றுகூட இல்லை. வேலை முடிந்து மூன்று வருடம் நெருங்கிக்கொண்டிருந்தது.

இங்கேதான் நம்மில் பலர் பணத்தை இழக்கிறோம். பணம் தரும் தேதியை ஒப்பந்தம் குறிக்காவிட்டால், 1963 காலவரையறைச் சட்டப்படி வேலை முடிந்த நாளிலிருந்து மூன்று வருடத்துக்குள் வழக்குப் போட வேண்டும். நாம் எத்தனை கடிதம் எழுதினாலும் அந்தக் கெடு நீளாது. பேச்சுவார்த்தை நடக்கிறது என்பதாலும் நீளாது. உச்ச நீதிமன்றம் இதை 2023-லும் உறுதிப்படுத்தியது. கெடுவுக்குள் துறை கையெழுத்திட்டு "பாக்கி இருக்கிறது" என்று ஒப்புக்கொண்டால் மட்டும், அன்றிலிருந்து புதிதாக மூன்று வருடம் ஓடும். கையெழுத்தோடு பதிவான பகுதித் தொகைக்கும் அதே பலன் உண்டு.

ஃபைலைக் கொண்டுவந்த அந்த உறுப்பினர் தகவல் உரிமைச் சட்டத்தில் எம் புக் நகலையும் பில்லின் நிலையையும் கேட்டார். 30 நாளுக்குள் பதில் தர வேண்டும் என்பது சட்டம். பில் நிலுவையில் இருப்பதாகப் பதில் வந்தது. அது நல்ல ஆதாரம். ஆனால் அந்தப் பதிலையே கடன் ஒப்புதலாக நம்பி இருந்துவிடாதீர்கள் என்று வழக்கறிஞர் எச்சரித்தார். உடனே உறுப்பினர் சிவில் நடைமுறைச் சட்டத்தின் 80-வது பிரிவு நோட்டீஸ் அனுப்பினார். அரசின் மீது சிவில் வழக்குத் தொடர இரண்டு மாதம் முன்பே அந்த நோட்டீஸ் வேண்டும். நோட்டீஸ் காலம் கெடுவில் கழிக்கப்படும். வழக்கு நேரத்துக்குள் தாக்கலாகிவிட்டது.

கட்டுமான ஒப்பந்தத் தகராறு 3 லட்சம் ரூபாய் அல்லது அதற்கு மேல் இருந்தால் அது வணிக நீதிமன்றத்துக்குப் போகும். அவசர நிவாரணம் கேட்காத வழக்கில் முதலில் சமரச முயற்சி கட்டாயம். அதைத் தாண்டிப் போட்ட மனுவைத் தள்ளுபடி செய்யலாம் என்று 2022-ல் தீர்ப்பாகியிருக்கிறது. அப்புறம், ஒப்பந்தத்தில் நடுவர் தீர்ப்புக்கான ஷரத்து இருக்கிறதா என்று டெண்டர் போடும்போதே பாருங்கள். மத்திய அரசு வேலைகளில் அந்த ஷரத்தைப் பொதுவாக 10 கோடிக்குக் குறைவான தகராறுகளோடு நிறுத்திக்கொள்ளச் சொல்லி 2024 ஜூனில் நிதியமைச்சகம் வழிகாட்டுதல் தந்தது. "தாமதத்துக்கு வட்டி கிடையாது" என்ற வரி இருந்தாலும் கவனம் தேவை. அதை ஏற்றுக் கையெழுத்திட்டால், தீர்ப்புக்கு முந்தைய காலத்துக்கு நடுவர் வட்டி தருவது கடினம்.

தொகையைத் துறையே ஒப்புக்கொண்டு, காரணமின்றி நிறுத்திவைத்தால் அரசியலமைப்பின் 226-வது பிரிவில், பணத்தைத் தர உத்தரவிடும்படி உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போடலாம். அளவிலோ தரத்திலோ தகராறு இருந்தால் அந்த வழி பெரும்பாலும் உதவாது.

சிறு, குறு நிறுவனச் சட்டம் பற்றி நிறையப் பேர் கேட்டீர்கள். 2006-ம் ஆண்டின் அந்தச் சட்டம் பணம் தர 45 நாள் உச்சவரம்பும், தாமதித்தால் ரிசர்வ் வங்கி அறிவிக்கும் வங்கி விகிதத்தின் மூன்று மடங்கில் மாதக் கூட்டு வட்டியும் தருகிறது. கேட்கவே நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் நம்முடையது போன்ற கட்டுமான வேலை ஒப்பந்தங்களுக்கு அது பொருந்தாது என்று பம்பாய் உள்ளிட்ட சில உயர் நீதிமன்றங்கள் சொல்லியிருக்கின்றன. சிறு, குறு நிறுவனங்களுக்கான உத்யம் பதிவை எடுத்து வையுங்கள். அதை மட்டும் நம்பிக் கெடுவைத் தவறவிடாதீர்கள்.

எனக்கு மிகவும் வருத்தம் தரும் ஒன்று, பில் பாஸ் ஆக வேண்டுமே என்று "இனி எந்தப் பாக்கியும் இல்லை" என்ற தாளில் கையெழுத்துப் போடுவது. நிர்ப்பந்தத்தில் போட்டது என்று நிரூபித்தால் உரிமை போய்விடாது என்று 2008-ல் உச்ச நீதிமன்றம் சொன்னது உண்மைதான். நிரூபிக்கும் பாரம் நம் தலையில். கையெழுத்திடும்முன் உங்கள் ஆட்சேபத்தை எழுதிக் கொடுத்து, நகலில் தபால் பிரிவு முத்திரை வாங்குங்கள்.

வரும் ஆண்டில் உறுப்பினர்களின் நிலுவை பில்களுக்கு, வேலை முடிந்த தேதியோடு ஒரு பதிவேடு சங்க அலுவலகத்தில் வைக்கச் செயற்குழு முடிவு செய்திருக்கிறது. இரண்டு வருடம் கடந்த பில் இருப்பவர்கள் இன்று கூட்டம் முடிந்ததும் விவரத்தைத் தந்துவிட்டுச் செல்லுங்கள்.

இந்த அறிக்கையை ஏற்றுக்கொள்ளும்படி பொதுக்குழுவைக் கேட்டுக்கொள்கிறேன்.

செயலாளர்