வயல் இருந்தது, ஆட்களும் இருந்தார்கள்: நோவா ஹூத்தா வழிகாட்டிகளுக்கு ஒரு திறந்த மடல்

அன்புள்ள வழிகாட்டிகளே,

போலந்தின் கிராக்கோவில் வேலை பார்க்கும் தமிழன் நான். ஊரிலிருந்து யார் வந்தாலும் முதல் இரண்டு நாள் கோட்டையும் பழைய சந்தைச் சதுக்கமும், மூன்றாம் நாள் நோவா ஹூத்தா, சோஷலிச அரசு உருக்காலையோடு சேர்த்து எழுப்பிய புது நகரம். போன தடவை மாமாவை உங்களில் ஒருவரிடம் ஒப்படைத்தேன். பழைய டிராபாண்ட் கார், சோஷலிசக் காலத்துப் பகடி என்று பொழுது நன்றாகவே போனது. ஆரம்பம்தான் உறுத்தியது. “1949 வரைக்கும் இங்கே ஒன்றுமே இல்லை, வெறும் வயல்” என்றார் அவர். நான் மொழிபெயர்த்துச் சொன்னேன். மாமா விவசாயி. “வயல் இருந்துச்சுன்னா, ஒண்ணுமே இல்லைன்னு எப்படிச் சொல்றது?” என்று கேட்டார். எனக்குப் பதில் வரவில்லை. அதனால்தான் உங்களுக்கு எழுதுகிறேன்.

அந்த வயல்களுக்குப் பெயர் இருந்தது. மொகிவா, பியெஞ்சித்செ, க்ஷெஸ்வாவித்செ, பிளெஷுஃப் என்று வரிசையாகக் கிராமங்கள். காற்று கொண்டுவந்து சேர்த்த மண்ணின் மேல் உருவான கருமண், போலந்தில் கிடைக்கிற நிலத்திலேயே உயர்ந்த ரகம். அதன் மேல்தான் உருக்காலை வந்தது. முதல் குடியிருப்புக் கட்டடத்துக்கு மொகிவா நிலத்தில் வேலை தொடங்கிய நாள் 1949 ஜூன் 23. தேதியை மட்டும் சொல்லிவிட்டு நகர்ந்துவிடாதீர்கள். ஜூன் கடைசியில் இந்தப் பக்கம் கோதுமை இன்னும் பச்சை மாறியிருக்காது. அறுப்புக்கு ஒரு மாதமாவது பாக்கி. நிலம் கையகப்படுத்தப்பட்டது, இழப்பீடு சொற்பம். 1951 ஜனவரி 1-ஆம் தேதி நோவா ஹூத்தா கிராக்கோவின் ஒரு பகுதியானது. தனி நகரமாக வரவேண்டியதே நகரத்துக்குள் போனபோது, அதற்கு அடியில் கிடந்த கிராமங்களின் பேச்சை யார் எடுக்கப்போகிறார்கள்?

சரி, எவ்வளவு பழைய ஊர்கள் இவை? மொகிவாவில் சிஸ்டர்சியன் சபைக் கத்தோலிக்கத் துறவிகளின் மடத்தை ஆயர் இவோ ஒத்ரோவான்ஷ் நிறுவியது 1222-இல். உருக்காலைக்கு எழுநூறு வருடம் மூத்தது. மொகிவா என்றால் புதைமேடு. மேடும் பக்கத்திலேயே, ஆலையின் ஓரத்தில் இருக்கிறது. ஜெர்மானிய இளவரசனை மணக்க மறுத்து விஸ்துலா ஆற்றில் விழுந்த பழங்கதை இளவரசி வாண்டாவுடையது என்பது கதை. மேலே ஏறிப் பார்த்திருப்பீர்கள்: பளிங்குக் கழுகு, அதன் பீடத்தில் குறுக்காக ஒரு வாளும் நூல் நூற்கும் கோலும், கீழே அவள் பெயர். வடிவமைத்தவர் ஓவியர் யான் மத்தேய்கோ. அவர் 1876-இல் வாங்கிய பண்ணை வீடு க்ஷெஸ்வாவித்செயில் இன்றும் நிற்கிறது. அவருக்கு முன்னால் அந்தப் பண்ணை, போலந்தின் 1791 மே 3 அரசியல் சாசனத்தை உருவாக்கியவர்களில் ஒருவரான ஹூகோ கொவொன்தாயிடம் இருந்தது. இவ்வளவும் “ஒன்றுமே இல்லை”யில் அடக்கம்.

புது நகரத்தின் முதல் குடியிருப்புக்கே வாண்டா என்றுதான் பெயர் வைத்தார்கள். லெனின் பெயர் ஆலைக்கு வந்தது 1954-இல்.

நீங்கள் மிகவும் ரசித்துச் சொல்லும் கதையிலும் கிராமங்கள் உண்டு. புதுக் குடியிருப்புகளில் கிறிஸ்தவக் கோவில் கட்டவில்லை. ஞாயிற்றுக்கிழமை பூசைக்கு மக்கள் போனது மொகிவா மடத்துக்கும் பியெஞ்சித்செயின் சிறிய கோவிலுக்கும். புதுக் கோவிலுக்கென்று நட்டிருந்த சிலுவையை 1960 ஏப்ரல் 27-இல் அரசு ஆட்கள் பிடுங்க வந்தபோது தெருவில் கைகலப்பு. கடைசியில் கோவில் எழும்பியது பியெஞ்சித்செயில்தான். 1977-இல் அதைப் புனிதப்படுத்திய கிராக்கோ பேராயர் வொய்த்தீவா, 1979-இல் போப்பாகத் திரும்பி வந்தபோது அங்கே போக அரசு விடவில்லை. மொகிவா மடத்துக்கு வந்தார். புது நகரம் கதவைச் சாத்திய நேரத்தில் பழைய கிராமத்தில் திறந்திருந்த கதவு அது. இதைவிட நல்ல கதை உங்கள் கையில் வேறு இருக்கிறதா?

ஆலைக்கு இப்போது லெனின் பெயரும் இல்லை. இரும்பு உருக்கும் கிராக்கோ ஊதுலை 2020-இல் நிரந்தரமாக மூடப்பட்டது. (முதலாளி மிட்டல் உங்கள் ஊர்க்காரர்தானே என்று என்னிடம் கேட்காதீர்கள். ராஜஸ்தான் எனக்கும் ரொம்பத் தூரம்.) டிராபாண்ட் வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. பகடியும் இருக்கட்டும். வண்டியை முதலில் நிறுத்தும் இடத்தை மட்டும் மாற்றுங்கள்.

நோவா ஹூத்தாவின் மத்தியச் சதுக்கத்துக்குப் போவதற்கு முன், மொகிவாவில் மடத்துக்கு எதிரே இருக்கும் புனித பர்த்தலோமேயு மரக்கோவிலில் நிறுத்துங்கள். வாசல் சட்டத்தைச் செதுக்கிய தச்சர் மச்சேய் மொன்ச்கா. ஆண்டு 1466. வந்தவர்கள் சட்டத்தில் செதுக்கியிருக்கும் எழுத்தைப் படித்து முடிக்கட்டும். அப்புறம் வண்டியை எடுங்கள், சதுக்கம் பக்கம்தான்.

இப்படிக்கு,
மாமாவுக்கு இன்னும் பதில் சொல்லாத ஒருவன்